பேருந்து வழித்தடத்தில் போன முதல்வர் நாற்காலி: நீலம் சஞ்சீவ ரெட்டியின் வாழ்க்கைப் பயணம்

தோட்டத்து முச்சந்தியில் நின்று தனியார் பேருந்துக்காகக் காத்திருந்த தலைமுறை நம்மிடையே இன்னும் இருக்கிறது. காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று வந்த அந்தப் பேருந்துதான் பட்டணத்துக்கும் மருத்துவமனைக்கும் இடைநிலைப் பள்ளிக்கும் வழி. பேருந்து முதலாளியின் கையில் இருந்த பெர்மிட் என்ற தாளுக்கு எவ்வளவு மதிப்பு என்று அந்தத் தலைமுறைக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. வண்டியை விலை கொடுத்து வாங்கிவிடலாம். வழித்தடத்தை அரசாங்கம் கொடுத்தால்தான் உண்டு.

அந்தத் தாளைச் சுற்றி எழுந்த வழக்கு ஒன்றில், உச்ச நீதிமன்றம் சொன்ன சில வரிகளுக்காக முதலமைச்சர் பதவியையே விட்டு இறங்கியவர் நீலம் சஞ்சீவ ரெட்டி. பின்னாளில் போட்டியே இல்லாமல் இந்தியாவின் குடியரசுத் தலைவரானவரும் அவரே. இவருடைய பெயரைச் சொன்னால் 1969-இல் இந்திரா காந்தியுடன் நடந்த மோதலைத்தான் பலரும் நினைவுகூர்வார்கள். அதற்கு ஐந்தாண்டுகள் முன்பு, கர்நூல் மாவட்டத்துப் பேருந்து முதலாளிகளோடு நடந்த மோதல் அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. பேராக்கின் பாகான் டத்தோ பக்கம் வாழும் தெலுங்குக் குடும்பங்களிலும்கூட இளையவர்கள் பலர் இதைக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள்.

இல்லூரிலிருந்து அடையாறுக்கு

1913 மே 19ஆம் நாள், அன்றைய சென்னை மாகாணத்தின் அனந்தப்பூர் மாவட்டத்தில் உள்ள இல்லூர் கிராமத்தில் சஞ்சீவ ரெட்டி பிறந்தார். மழை பொய்த்துப் போகும் ராயலசீமைப் பூமி அது. வேளாண் குடும்பத்துப் பிள்ளையான அவர் பள்ளிப் படிப்புக்குச் சென்னைக்கு வந்தார். அடையாறில் பிரம்மஞான சபை நடத்திய பள்ளியில் படித்தார். பிறகு ஊர் திரும்பி அனந்தப்பூர் அரசுக் கலைக் கல்லூரியில் சேர்ந்தார்.

1929 ஜூலையில் காந்தியடிகள் அனந்தப்பூருக்கு வந்தார். பதினாறு வயது இளைஞர் அன்று பார்த்ததும் கேட்டதும் அவருடைய வாழ்க்கையைத் திருப்பிவிட்டது. கதர் உடுத்தத் தொடங்கினார். 1931-இல் கல்லூரியை விட்டு வெளியேறினார். பட்டம் வாங்கவில்லை. 1938-இல் ஆந்திர மாகாண காங்கிரஸ் கமிட்டியின் செயலாளரானபோது அவருக்கு வயது இருபத்தைந்து. அந்தப் பொறுப்பில் பத்தாண்டுகள் இருந்தார்.

1940-க்கும் 1945-க்கும் இடைப்பட்ட காலத்தின் பெரும் பகுதி சிறையில் கழிந்தது. 1942 மார்ச்சில் விடுதலையானவரை ஆகஸ்டில் மறுபடியும் பிடித்து அமராவதி சிறைக்கு அனுப்பினார்கள். சத்தியமூர்த்தி, காமராஜர், டி. பிரகாசம், வி.வி. கிரி என்று பெரிய பட்டாளமே அங்கே அடைபட்டிருந்தது. இவர்களில் காமராஜர் பின்னாளில் அவரைக் குடியரசுத் தலைவராக்கப் பாடுபட்டார். வி.வி. கிரி அதே தேர்தலில் அவரைத் தோற்கடித்தார். சிறையில் ஒன்றாக இருந்தபோது இதை யார் நினைத்திருப்பார்கள்?

நாடு விடுதலை பெறும் முன்பே, 1946-இல், சென்னை சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். இந்திய அரசியல் நிர்ணய சபையிலும் உறுப்பினராக இருந்தார். 1949 முதல் 1951 வரை சென்னை மாநில அமைச்சராக மதுவிலக்கு, வீட்டுவசதி, காடுகள் ஆகிய துறைகளைக் கவனித்தார். அடுத்து வந்த தேர்தலில் சொந்த மாவட்டத்திலேயே கம்யூனிஸ்டுத் தலைவர் டி. நாகி ரெட்டியிடம் தோற்றார். கட்சிக்குள் மட்டும் அவருடைய கை ஓங்கியது. என்.ஜி. ரங்கா போன்ற மூத்தவரை எதிர்த்து நின்று ஆந்திர காங்கிரஸ் தலைவர் பதவியைப் பிடித்தார்.

1953-இல் ஆந்திரம் தனி மாநிலமானது. கர்நூல் அதன் தலைநகரம். பிரகாசம் முதல்வர், சஞ்சீவ ரெட்டி துணை முதல்வர். அடுத்து வந்த பெசவாட கோபால ரெட்டி அமைச்சரவையிலும் அவரே துணை முதல்வர். 1956 நவம்பர் 1-ஆம் தேதி தெலங்கானாவும் சேர்ந்து ஆந்திரப் பிரதேசம் உருவானபோது, அதன் முதல் முதலமைச்சராகப் பதவியேற்றார். தலைநகரம் கர்நூலிலிருந்து ஹைதராபாத்துக்குப் போயிற்று.

பேருந்து யாருடையது?

புதிய மாநிலத்தின் முன்னே பெரிய வேலைகள் இருந்தன. நாகார்ஜுன சாகர் அணைக்கு நேரு 1955-இல்தான் அடிக்கல் நாட்டியிருந்தார். அதைக் கட்டி எழுப்ப வேண்டும். பள்ளிகள் வேண்டும். சாலைகள் வேண்டும். அந்தச் சாலைகளில் யாருடைய பேருந்து ஓடுவது என்ற கேள்வியும் கூடவே வந்தது.

தெலங்கானாவில் நிஜாம் காலத்திலிருந்தே அரசுப் பேருந்து இருந்தது. 1932-இல் 27 வண்டிகளோடு நிஜாம் அரசு தொடங்கிய சேவை அது. ஆந்திரக் கரையோரத்திலும் ராயலசீமையிலும் நிலைமை வேறு. அங்கே பேருந்து என்றால் தனியார் பேருந்துதான். பத்துப் பதினைந்து வண்டி வைத்திருந்தவரும் உண்டு. நிலத்தை அடகு வைத்து ஒரே ஒரு வண்டியை ஓட்டியவரும் உண்டு. 1958 ஜனவரி 11-ஆம் தேதி ஆந்திரப் பிரதேச அரசு சாலைப் போக்குவரத்துக் கழகம் பிறந்தது. மாவட்டம் மாவட்டமாகத் தனியார் வழித்தடங்களை நாட்டுடைமையாக்குவது என்று முடிவானது.

அதற்கு அரசாங்கம் பின்பற்ற வேண்டிய முறையைச் சட்டம் வகுத்திருந்தது. 1939-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தில் 1956-இல் ஒரு புதிய அத்தியாயம் சேர்க்கப்பட்டது. முதலில் கழகம் ஒரு வரைவுத் திட்டத்தை அரசிதழில் வெளியிட வேண்டும். பாதிக்கப்படும் பேருந்து முதலாளிகள் முப்பது நாளுக்குள் ஆட்சேபம் தெரிவிக்கலாம். அரசாங்கம் அவர்களை அழைத்து விசாரித்து, திட்டத்தை ஏற்கலாம், திருத்தலாம், தள்ளலாம். ஏற்றுக்கொண்டால் வட்டாரப் போக்குவரத்து ஆணையம் தனியார் பெர்மிட்டை ரத்து செய்யும். அல்லது புதுப்பிக்க மறுக்கும்.

ரத்து செய்வதற்கும் புதுப்பிக்க மறுப்பதற்கும் இடையில்தான் பேருந்து முதலாளியின் வாழ்வும் சாவும் இருந்தது. பெர்மிட்டின் ஆயுள் மூன்றிலிருந்து ஐந்து ஆண்டு. காலம் முடியும் முன்பே ரத்து செய்தால், மீதமிருக்கும் ஒவ்வொரு மாதத்துக்கும் 200 ரூபாய் இழப்பீடு உண்டு. காலம் முடிந்து, புதுப்பிக்க மறுத்துவிட்டால் ஒரு காசு கிடையாது. வண்டி கையில் இருக்கும். ஓட்டுவதற்குச் சாலை இருக்காது.

நான்கு மாத உயிர்

வழக்குப் போட்டால் தீர்ப்பு வர ஒன்றிரண்டு ஆண்டுகள் ஆகும். அதுவரை பேருந்து என்ன செய்யும்? பயணிகள் என்ன செய்வார்கள்? இதற்குச் சட்டத்திலேயே ஒரு சந்து இருந்தது. அதுதான் 62-ஆம் பிரிவின் தற்காலிக பெர்மிட்.

திருவிழாவுக்கும் சந்தைக்கும் கூட்டம் அதிகமாகும்போது கூடுதல் வண்டி விட வேண்டும். அறுவடைக் காலத்தில் பருவ வியாபாரத்துக்கு வண்டி வேண்டும். அவசரத் தேவை திடீரென்று வரலாம். புதுப்பிக்கச் சொல்லிக் கொடுத்த மனு முடிவாகாமல் கிடக்கலாம். இந்த நான்கு காரணங்களுக்காக ஆணையம் தற்காலிக பெர்மிட் கொடுக்கலாம். அதன் ஆயுள் நான்கு மாதத்துக்கு மேல் போகக் கூடாது.

சட்டத்தை எழுதியவர்கள் அதைத் திருவிழாவுக்கான வசதியாகவே நினைத்திருப்பார்கள். நாட்டுடைமை வழக்குகள் வந்த பிறகு அது பலருடைய மூச்சாகிவிட்டது. நிரந்தர பெர்மிட் தகராறில் கிடக்கும். நான்கு மாதத் தாளை வைத்துக்கொண்டு வண்டி ஓடும். முடியும் நாள் நெருங்கும்போது மறுபடியும் ஆணையத்தின் வாசலில் நிற்க வேண்டும். உயர் நீதிமன்றத்தில் இடைக்காலத் தடை கிடைத்தால் சற்று நிம்மதி. கிடைக்காவிட்டால் ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் அடுத்த மாதச் சம்பளம் கேள்விக்குறி. நான்கு மாதத்துக்கு மட்டும் உரிமம் உள்ள வண்டியை நம்பி யார் கடன் கொடுப்பார்? யார் புது டயர் போடுவார்?

நியாயத்துக்கு மறுபக்கமும் உண்டு. வழக்கை இழுத்தடித்துக்கொண்டே தற்காலிக பெர்மிட்டில் வருமானம் பார்த்தவர்களும் இருந்தார்கள். லாபம் வரும் தடத்தில் மட்டும் ஓடி, கிராமத்துப் பாதையைக் கைவிட்டவர்களும் இருந்தார்கள். அரசாங்கம் பேருந்தைக் கையில் எடுக்க நினைத்ததில் பொது நன்மை இல்லாமல் இல்லை. அந்த நன்மையை எப்படிச் செய்வது, யார் முடிவு செய்வது என்பதில்தான் சஞ்சீவ ரெட்டி இரண்டு முறை நீதிமன்றத்தின் முன் வந்து நின்றார்.

முதல் வழக்கு: கேட்டவர் ஒருவர், தீர்ப்பு சொன்னவர் வேறொருவர்

முதல் சிக்கல் கிருஷ்ணா மாவட்டத்தில் தொடங்கியது. அங்கே பேருந்து ஓட்டிய குல்லப்பள்ளி நாகேஸ்வர ராவ் முதலானோர் நாட்டுடைமைத் திட்டத்தை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனார்கள். போக்குவரத்துத் துறை அப்போது முதல்வர் சஞ்சீவ ரெட்டியின் கையில் இருந்தது. முதலாளிகளின் ஆட்சேபங்களைக் கேட்டது துறைச் செயலாளர். திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்தது முதல்வர்.

1958 நவம்பரில் தீர்ப்பு வந்தது. ஐந்து நீதிபதிகளில் மூவர் பக்கம் நின்று அதை எழுதியவர் நீதிபதி கே. சுப்பா ராவ். அவரும் ஆந்திரத்து மண்ணைச் சேர்ந்தவர்தான். ஒருவர் காதால் கேட்டு இன்னொருவர் முடிவு செய்தால் அது விசாரணையே ஆகாது என்று அந்தத் தீர்ப்பு முடிவு கட்டியது. எதிரே நிற்பவரின் முகத்தைப் பார்த்து, வழக்கறிஞரின் வாதத்தைக் கேட்டு, சந்தேகத்தைக் கேள்வியாகக் கேட்டவரே முடிவும் எடுக்க வேண்டும். மேலும், போக்குவரத்துத் துறையின் செயலாளரே அந்தத் துறையின் திட்டத்தை விசாரித்ததும் முறையில்லை என்று நீதிமன்றம் கருதியது. திட்டத்துக்கு அளித்த ஒப்புதல் செல்லாமல் போனது.

இதில் சஞ்சீவ ரெட்டியைப் பாராட்டவும் இடமுண்டு. முறுக்கிக்கொண்டு நிற்காமல், முதல்வரே உட்கார்ந்து ஆட்சேபங்களை நேரில் விசாரித்தார். திட்டம் மறுபடியும் நிறைவேறியது. முதலாளிகள் மறுபடியும் உச்ச நீதிமன்றம் போனார்கள். முதல்வர் ஏற்கெனவே முடிவெடுத்துவிட்டுத்தான் விசாரிக்க உட்கார்ந்தார் என்று வாதாடினார்கள். 1959-இல் வந்த தீர்ப்பு இந்த வாதத்தை ஏற்கவில்லை. அரசின் கொள்கையை ஆதரித்துப் பேசியதாலேயே ஓர் அமைச்சர் ஒருதலைப்பட்சமானவர் ஆகிவிட மாட்டார் என்று சொல்லி, திட்டத்தை அனுமதித்தது. முறைப்படி நடந்தால் நீதிமன்றம் தடுக்காது என்பது அப்போது தெளிவானது.

அந்த இரு தீர்ப்புகளையும் இந்தியச் சட்டக் கல்லூரிகளில் இன்றும் படிக்கிறார்கள். கேட்பவரே முடிவு செய்ய வேண்டும் என்ற பாடம், ஒரு மாவட்டத்துப் பேருந்துக்காரர்களின் தகராறில் பிறந்தது.

இரண்டாம் வழக்கு: பதில் சொல்லாத முதல்வர்

1960 ஜனவரியில் சஞ்சீவ ரெட்டி முதல்வர் பதவியை விட்டு அகில இந்திய காங்கிரஸ் தலைவரானார். அவருக்குப் பின் முதல்வரானவர் கர்நூல் மாவட்டத்தைச் சேர்ந்த தாமோதரம் சஞ்சீவய்யா. இந்தியாவில் முதலமைச்சர் பதவிக்கு வந்த முதல் தலித் தலைவர் அவர். 1962 தேர்தலுக்குப் பின் சஞ்சீவ ரெட்டி மீண்டும் முதல்வராகத் திரும்பினார். அந்தத் தேர்தலில் அவர் நின்ற தோன் தொகுதியும் கர்நூல் மாவட்டத்தில்தான் இருந்தது. அந்த மாவட்டத்துக் கோஷ்டி அரசியலில் அவருக்கு நண்பர்களும் இருந்தார்கள், எதிரிகளும் இருந்தார்கள்.

எந்த மாவட்டத்தை எப்போது நாட்டுடைமையாக்குவது என்று போக்குவரத்துக் கழகம் ஒரு வரிசை வைத்திருந்தது. அந்த வரிசையில் கர்நூல் பின்னால் இருந்தது. சஞ்சீவ ரெட்டி மறுபடியும் முதல்வரான பிறகு வரிசை மாறியது. கர்நூல் முன்னால் வந்தது. மாவட்டத்துப் பேருந்து முதலாளிகள் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். ரௌஜி என்பவரின் பெயரால் அறியப்படும் வழக்கு அது. அவர்களுடைய குற்றச்சாட்டு கடுமையானது. தேர்தலில் தமக்கு எதிராக வேலை செய்தவர்களைப் பழிவாங்கவே முதல்வர் வரிசையை மாற்றச் செய்தார் என்பதே அது.

குற்றச்சாட்டைச் சொல்வது எளிது. அதை மறுப்பதும் எளிதுதான். முதல்வர் ஒரு பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்து, நடந்தது இது, காரணம் இது என்று சொல்லியிருக்கலாம். சஞ்சீவ ரெட்டி தாக்கல் செய்யவில்லை. அரசாங்கத்தின் சார்பில் மற்றவர்கள்தான் பேசினார்கள். அவருடைய மனத்தில் இருந்ததை மற்றவர்கள் எப்படிச் சத்தியம் செய்து சொல்ல முடியும்?

1964 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. எழுதியவர் நீதிபதி என். ராஜகோபால அய்யங்கார். சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போனவர். வரிசையை மாற்றியதற்குச் சொல்லப்பட்ட காரணங்கள் நிற்கவில்லை என்றும், முதல்வரின் மீதான குற்றச்சாட்டுக்கு அவரிடமிருந்து மறுப்பே வரவில்லை என்றும், ஆகவே அதை ஏற்பதைத் தவிர வழியில்லை என்றும் நீதிமன்றம் முடிவுக்கு வந்தது. கர்நூல் திட்டம் ரத்தானது.

தீர்ப்பின் எல்லையையும் சொல்லிவிட வேண்டும். அவர் காசு வாங்கினார் என்று யாரும் சொல்லவில்லை. எவரும் அவரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றவில்லை. நாட்டுடைமைக் கொள்கை தவறு என்றும் நீதிமன்றம் சொல்லவில்லை. கேட்ட கேள்விக்குப் பதில் இல்லை என்பதே விஷயம். முதல் வழக்கில் அவர் நேரில் கேட்காததால் திட்டம் விழுந்தது. இரண்டாம் வழக்கில் அவர் நேரில் பதில் சொல்லாததால் விழுந்தது.

நாற்காலியை விட்ட நாள்

தீர்ப்பில் பதவி விலகச் சொல்லி உத்தரவு எதுவும் இல்லை. சட்டமன்றத்தில் அவருக்குப் பெரும்பான்மை இருந்தது. மேல்மட்டத்தில் செல்வாக்கும் இருந்தது. திட்டத்தைத் திருத்தி மறுபடியும் கொண்டுவரலாம் என்று ஆலோசனை சொல்ல ஆள் இல்லாமலா இருந்திருப்பார்கள்? சஞ்சீவ ரெட்டி அந்த வழியில் போகவில்லை. நாட்டின் உச்ச நீதிமன்றம் தம்மைப் பற்றி இப்படி எழுதிய பிறகு அந்த நாற்காலியில் உட்காருவது சரியில்லை என்று கருதி, அந்த மாதமே விலகினார். காசு பிரம்மானந்த ரெட்டி முதல்வரானார்.

தவறு செய்ததால் விலகினாரா, தவறு என்று சொல்லப்பட்டதால் விலகினாரா என்று இன்றும் வாதிடலாம். எப்படியானாலும், ஒரு மாவட்டத்துப் பேருந்துக்காரர்கள் கொடுத்த மனு முதல்வரின் நாற்காலி வரை எட்டியது. நான்கு மாதம் நான்கு மாதமாக வண்டி ஓட்டும் நிலையில் இருந்தவர்களுக்கும் நீதிமன்றம் காது கொடுக்கும் என்று மக்கள் கண்டார்கள்.

வீழ்ச்சிக்குப் பின் எழுச்சி, எழுச்சிக்குப் பின் வீழ்ச்சி

அரசியல் அவரை நீண்ட நாள் வீட்டில் உட்கார விடவில்லை. அதே 1964-இல் லால் பகதூர் சாஸ்திரி அவரை மத்திய எஃகு, சுரங்கத் துறை அமைச்சராக்கினார். 1966-இல் இந்திரா காந்தியின் அமைச்சரவையில் அவருக்குக் கிடைத்த துறை எது தெரியுமா? போக்குவரத்து! விமானமும் கப்பலும் சுற்றுலாவும் சேர்ந்தே வந்தன.

1967-இல் மக்களவைச் சபாநாயகரானார். பதவி ஏற்றதும் காங்கிரஸ் உறுப்பினர் பதவியிலிருந்தே விலகினார். நடுவர் நாற்காலியில் இருப்பவருக்குக் கட்சி கூடாது என்று அவர் கருதினார். முடிவு சொல்பவர் ஒருபக்கம் சாய்ந்தவராகத் தெரியவே கூடாது என்பது பேருந்து வழக்குகள் சொன்ன பாடம்தானே.

1969 மே மாதம் குடியரசுத் தலைவர் ஜாகிர் உசேன் காலமானார். காமராஜர் உள்ளிட்ட மூத்த தலைவர்கள் சஞ்சீவ ரெட்டியைக் காங்கிரஸ் வேட்பாளராக்கினார்கள். அவர் சபாநாயகர் பதவியை விட்டு விலகிப் போட்டியிட்டார். வேட்புமனுவில் கையெழுத்துப் போட்ட இந்திரா காந்தியே, பின்னர் மனசாட்சிப்படி வாக்களியுங்கள் என்று உறுப்பினர்களை வேறு பக்கம் திருப்பினார். அமராவதி சிறையில் கூட இருந்த வி.வி. கிரி, இரண்டாம் விருப்ப வாக்குகளையும் எண்ணிய பிறகு வென்றார். கிரிக்கு 4,20,077, ரெட்டிக்கு 4,05,427. அந்தச் சூட்டில் காங்கிரஸ் கட்சியே இரண்டாகப் பிளந்தது.

தோற்றவர் அனந்தப்பூருக்குத் திரும்பி விவசாயம் பார்த்தார். ஐம்பத்தாறு வயதில் அவருடைய அரசியல் முடிந்துவிட்டது என்றே எல்லோரும் எழுதிவிட்டார்கள்.

கர்நூல் மண் மறுபடியும் அழைத்தது

1975-இல் ஜெயப்பிரகாஷ் நாராயண் பக்கம் சேர்ந்து சஞ்சீவ ரெட்டி பொது வாழ்வுக்குத் திரும்பினார். 1977 தேர்தலில் வடக்கே காங்கிரஸ் துடைத்தெடுக்கப்பட்டது. ஆந்திரத்தில் நிலைமை நேர்மாறு. அங்கே இருந்த 42 தொகுதிகளில் 41-ஐ இந்திரா காங்கிரஸ் அள்ளிக்கொண்டது. மிஞ்சிய ஒன்றில் வென்றவர் ஜனதா வேட்பாளர் சஞ்சீவ ரெட்டி. அந்தத் தொகுதி நந்தியால்.

நந்தியால் அன்று கர்நூல் மாவட்டத்தில் இருந்தது. பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் எந்த மாவட்டத்துப் பேருந்து வழக்கால் அவர் பதவி இழந்தாரோ, அதே மாவட்டத்து மக்கள், மாநிலம் முழுவதும் எதிர்த்து வாக்களித்தபோது, அவரை மட்டும் டெல்லிக்கு அனுப்பினார்கள். வழக்கு முடிந்த கணக்கை வாக்காளர்கள் தங்கள் வழியில் தீர்த்தார்கள் போலும்.

மார்ச்சில் ஒருமனதாகச் சபாநாயகரானார். ஜூலை 25-ஆம் தேதி குடியரசுத் தலைவராகப் பதவியேற்றார். வேறு எல்லோருடைய மனுக்களும் தள்ளுபடியானதால் போட்டியே இல்லை. அப்போது அவருக்கு வயது 64. ஏழை நாட்டில் தமக்கு இவ்வளவு சம்பளம் வேண்டாம் என்று அதில் எழுபது விழுக்காட்டைக் குறைத்துக்கொள்வதாக அறிவித்தார்.

அவருடைய ஐந்தாண்டில் மொரார்ஜி தேசாய், சரண் சிங், இந்திரா காந்தி என்று மூன்று பிரதமர்கள் வந்தார்கள். 1979 ஆகஸ்டில் சரண் சிங் நாடாளுமன்றத்தைச் சந்திக்காமலே விலகியபோது, ஜகஜீவன் ராமுக்கு வாய்ப்புத் தராமல் மக்களவையைக் கலைத்தார். அது சரியா என்ற சர்ச்சை இன்றும் உண்டு. 1980 ஜனவரியில், தம்மைத் தோற்கடித்த இந்திரா காந்திக்கு அவரே பிரதமராகப் பதவிப் பிரமாணம் செய்துவைத்தார். மனக்கசப்பை வெளியே காட்டாமல் அரசியல் சாசனம் சொன்ன வேலையைச் செய்தார்.

1982-இல் பதவிக் காலம் முடிந்து ஊர் திரும்பினார். 1989-இல் தமது நினைவுகளை ஆங்கிலத்தில் நூலாக வெளியிட்டார். 1996 ஜூன் 1-ஆம் நாள் பெங்களூரில் காலமானபோது அவருக்கு வயது 83.

அந்தத் தாள் இன்னும் இருக்கிறது

சட்டம் பிறகு மாறியது. 1969-இல் வந்த திருத்தம், நாட்டுடைமைத் திட்டம் விசாரணையில் இருக்கும்போதே அரசுக் கழகம் தற்காலிக பெர்மிட் பெற வழி செய்தது. இடைக்காலத்தில் யார் ஓடுவது என்ற போட்டியில் தராசு அரசின் பக்கம் சாய்ந்தது. 1988-இல் புதிய மோட்டார் வாகனச் சட்டம் வந்தது. அதன் 87-ஆம் பிரிவிலும் தற்காலிக பெர்மிட் இருக்கிறது. அதன் ஆயுள் அதே நான்கு மாதம்தான். கோயில் திருவிழாவுக்கும் புதுப்பிப்பு மனுவுக்கும் அதே பிரிவைத்தான் இன்றும் நாடுகிறார்கள்.

ஒரு குடியரசுத் தலைவரின் வாழ்க்கையில் பேருந்து பெர்மிட் சின்ன விஷயமாகத் தெரியலாம். அந்தப் பெர்மிட்டை நம்பி வாழ்ந்தவருக்கு அது சின்ன விஷயம் இல்லை. வண்டிக்காரரோ கடைக்காரரோ நிலத்துக்காரரோ, பிழைப்பைப் பறிக்கும் முன் ஒரு வார்த்தை கேளுங்கள் என்றுதான் எளிய மனிதர் அரசாங்கத்திடம் வேண்டுகிறார். கேட்ட பிறகு காரணத்தை மறைக்காமல் சொல்லுங்கள் என்கிறார். முதல் பாடத்தைச் சஞ்சீவ ரெட்டி 1958-இல் கற்றுக்கொண்டு திருத்திக்கொண்டார். இரண்டாம் பாடத்துக்கு 1964-இல் பதவியையே விலையாகக் கொடுத்தார்.

அந்த விலையை யாரும் கேட்டு வாங்கவில்லை; அவராகவே கொடுத்தார். கர்நூல் மக்கள் 1977-இல் அவரை மறுபடியும் நம்பியதற்கு அதுவும் ஒரு காரணமாக இருந்திருக்கும்.